கறுப்பில் வரைந்தால் பயப்பட வேண்டுமா?

குழந்தையின் ஓவியத்தில் கறுப்பு நிறம் என்றால் மனச்சோர்வு, வாய் இல்லாத முகம் என்றால் பயம் என்று ஒரு பட்டியல் கைப்பேசிகளில் சுற்றுகிறது. அதைப் பார்த்துப் பதறிப்போய், பிள்ளையின் ஓவியத்தோடு என்னிடம் வரும் பெற்றோர் உண்டு. குழந்தைகளுக்கான மனநல ஆலோசகராகச் சொல்கிறேன்: அந்தப் பட்டியலை நம்பாதீர்கள்.

பல்லடம் பக்கத்து விசைத்தறிக் குடும்பம் ஒன்று. அடையாளம் தெரியாதபடி சிலவற்றை மாற்றிச் சொல்கிறேன். ஆறு வயதுப் பையன் வீட்டை வரைந்து, அதன்மேல் தாள் கிழியும் அளவுக்குக் கறுப்புக் கோடுகளை இழுத்திருந்தான். அம்மாவுக்குப் பெரிய பெரிய கைகள், வாயே இல்லை. "இதைப் பற்றிச் சொல்லு கண்ணு" என்றேன். கோடுகளைத் தொட்டு, "தறி ஓடுகிறது" என்றான். அம்மா? "சத்தத்தில் பேசினால் கேட்காது. கையைக் காட்டித்தான் கூப்பிடுவார்." தறியோரம் வளர்ந்தவர்களுக்கு இது உடனே புரியும். மேலும் பேசியபோதுதான் அவன் இரவில் சரியாகத் தூங்குவதில்லை என்பது தெரிந்தது. அவனைத் தறிச் சுவரை விட்டுத் தள்ளி, பாட்டியின் அறையில் படுக்கவைத்தார்கள்.

1926இல் அமெரிக்க உளவியலாளர் ஃபுளோரன்ஸ் குட்எனஃப் மனித உருவம் வரையும் சோதனையை வெளியிட்டபோது, குழந்தையின் அறிவு வளர்ச்சியை அளப்பதே நோக்கம். ஒற்றை அடையாளத்தை வைத்து மனத்தைக் கணிக்கும் வழக்கம் பின்னால் பெருகியது. ஆய்வுகள் அதற்குப் போதிய ஆதாரம் தரவில்லை. மூன்று, நான்கு வயதில் வரையும் மனித உருவத்துக்குத் தலையிலிருந்தே நேராகக் கால் முளைப்பதும் அந்த வயதுக்கு இயல்புதான்.

"இது என்ன?" என்று அதட்டலாகக் கேட்காதீர்கள். "மரம் இப்படியா இருக்கும்?" என்று திருத்தவே வேண்டாம். பக்கத்தில் உட்காருங்கள், சொல்லவிடுங்கள், குழந்தை சொன்னதைத் தேதியோடு தாளின் பின்புறம் குறித்துவையுங்கள்.

ஒரே அச்சமூட்டும் காட்சி திரும்பத் திரும்ப வந்து, கூடவே தூக்கமோ சாப்பாடோ கெட்டால், நின்றுபோன படுக்கை நனைத்தல் மறுபடி தொடங்கினால், பள்ளி செல்ல மறுத்தால், தாமதிக்காமல் மருத்துவரையோ ஆலோசகரையோ பாருங்கள். யாரோ தன்னைத் துன்புறுத்துவதாகக் குழந்தை சொன்னால் குறுக்கு விசாரணை செய்யாதீர்கள், நம்புங்கள். 1098 என்ற குழந்தைகள் உதவி எண்ணை எந்த நேரத்திலும் அழைக்கலாம், கட்டணம் கிடையாது.