எப்போதிலிருந்து எண்ணுவது?

ஆச்சி தகரப்பெட்டியில் வைத்திருந்த வயல் பத்திரத்தில் தேதி இப்படி இருக்கிறது: 'கொல்லம் ௲௮௰௧௵ விசுவாவசு௵ தை௴'. ௵ என்பது வருஷத்துக்கான குறி, ௴ மாதத்துக்கு. ௲௮௰௧ என்றால் 1081.

இதில் விசுவாவசு என்று மட்டும் எழுதியிருந்தால் திண்டாட்டம்தான். அறுபது வருடப் பெயர்களும் சுற்றிச் சுற்றி வருபவை. விசுவாவசு 1905, 1965, 2025 என்று மூன்று சித்திரைகளில் பிறந்திருக்கிறது. கொல்லம் ஆண்டு அப்படித் திரும்பி வராது. கி.பி. 825இல் தொடங்கி நேராக ஏறிக்கொண்டே போகிறது. தை மாதம் என்பதால் 825ஐக் கூட்டினால் போதும், 1906 ஜனவரி என்று விடை வந்துவிடும். திருநெல்வேலிச் சீமையில் பழைய கணக்கைப் பார்த்தவர்களுக்கு இது பழகிய கூட்டல்.

நீண்ட காலத்தை எழுத முதல் தேவை இதுதான்: எங்கிருந்து எண்ணுகிறோம் என்ற புள்ளி. தாமிரபரணிக் கரைக்குப் பக்கத்தில் சிவகளையில் முதுமக்கள் தாழி ஒன்றுக்குள் கிடைத்த நெல் உமியை எடுத்துக்கொள்வோம். அதன் காலம் கி.மு. 1155 என்று 2021இல் அறிவித்தார்கள். 'சுமார் 3,200 ஆண்டு' என்று பரவலாகச் சொல்லப்பட்டது. அதே காலத்தை ஆய்வுக் கட்டுரை முறையில் எழுதினால் 'நிகழ்காலத்துக்கு முன் 3,104' என்று வரும். இரண்டும் சரி.

இங்கே 'நிகழ்காலம்' என்பது இன்று அல்ல, 1950. நகரும் இன்றிலிருந்து எண்ணினால் கட்டுரை அச்சாகி பத்து வருடத்தில் அதன் எல்லா எண்களும் பத்து வருடம் பிழையாகிவிடும். அதனால் பழம்பொருளில் மிஞ்சியிருக்கும் கார்பன்-14ஐ அளந்து வயதைக் கணிக்கும் கார்பன் முறை நடைமுறைக்கு வந்த காலத்திலேயே ஓர் ஆணியை அடித்துவிட்டார்கள். 1155ஐயும் 1950ஐயும் கூட்டினால் 3,105. ஆனால் கி.மு. 1க்கு அடுத்து நேரே கி.பி. 1 வருகிறது, நடுவில் பூஜ்ய ஆண்டு இல்லை. ஆகவே ஒன்றைக் கழிக்க வேண்டும். எனக்கு மிகவும் பிடித்த கழித்தல் இது. இதே வழியில் 2021 வரை எண்ணினால் 3,175. அதுதான் வாய்க்கு வசதியாக 3,200 ஆனது.

கார்பன்-14 5,730 ஆண்டுக்கு ஒருமுறை பாதியாகும். ஏறக்குறைய 50,000 ஆண்டுக்கு மேல் அளக்கப் போதுமான அளவு மிஞ்சாது. பொதிகை மலைப் பாறைக்கு வேறு கடிகாரம் வேண்டும். நம் தென்கடற்கரை மணலில் இல்மனைட், கார்னெட்டோடு சிர்கான் என்ற கனிமமும் கிடக்கிறது. அதற்குள் சிக்கிய யுரேனியம்-238 பாதியாக 447 கோடி ஆண்டு ஆகும். கடைசியில் அது ஈயமாகிறது. யுரேனியத்தையும் ஈயத்தையும் ஒப்பிட்டால் சிர்கானின் வயது தெரியும். இந்த வகைக் கணக்குகளின்படி, தெற்குத் தமிழகத்துப் பாறைகள் பூமிக்கடியில் கடும் வெப்பத்தில் வெந்து உருமாறியது சுமார் 55 கோடி ஆண்டுகளுக்கு முன். இந்த அளவில் 1950 என்றாலும் 2021 என்றாலும் ஒன்றுதான்; அளவீட்டின் பிழையே பல லட்சம் ஆண்டு வரும்.

இவ்வளவு பெரிய எண்ணுக்கு உலகம் முழுக்கப் புழங்குவது லத்தீனில் ஆண்டைக் குறிக்கும் 'அன்னுஸ்'. அதன் முன் கிலோ சேர்த்தால் ஆயிரம், மெகா சேர்த்தால் பத்து லட்சம், கிகா சேர்த்தால் நூறு கோடி. கம்ப்யூட்டரில் பார்க்கும் அதே முன்னொட்டுகள்தான். 55 கோடி என்பது 550 மெகா. மில்லியனைக் கோடி என்று மாற்றிவிட்டால் பாறையின் வயது பத்து மடங்கு ஏறி, பூமியின் வயதான 454 கோடியையே தாண்டிவிடும்.

இன்னொரு சிக்கலும் உண்டு. டைனோசர்கள் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் அழிந்தன. அது ஒரு தேதி. அவை 16 கோடி ஆண்டுகளுக்கு மேல் வாழ்ந்தன. அது ஒரு கால அளவு. இரண்டுக்கும் ஒரே குறியா, தனித்தனிக் குறியா என்று புவியியலாளர்களுக்குள் விவாதம் நடந்தது. 2011இல் வேதியியல், புவியியல் சர்வதேச ஒன்றியங்கள் ஒரே குறி போதும் என்று பரிந்துரைத்தன, பலர் ஏற்கவில்லை. தமிழில் எழுதும்போது அந்த வேலையை 'முன்' என்ற ஒரு சொல் செய்துவிடுகிறது: '55 கோடி ஆண்டு' என்றால் அளவு, '55 கோடி ஆண்டுக்கு முன்' என்றால் தேதி.