வளைவில் கொஞ்சம் பின்தங்கும் கேமரா

சேலத்திலிருந்து ஏற்காடு போகும் பஸ்ஸில் பக்கத்தில் அக்கா மகன். கையில் போன், அதில் பஸ் ஓட்டும் கேம். அடிவாரம் தாண்டி மூன்றாவது கொண்டை ஊசி வளைவிலேயே, "மாமா, வயித்தைப் பிரட்டுது" என்றான். மொத்தம் 20 வளைவு. போனை வாங்கிக்கொண்டு, முன் கண்ணாடி வழியாக ரோட்டைப் பார்க்கச் சொன்னேன். ஏழெட்டு வளைவுக்குள் தெளிந்துவிட்டான். நான் அந்த கேமைப் பார்க்க ஆரம்பித்தேன்.

அதில் பஸ்ஸுக்குப் பின்னால் சற்று உயரத்தில் ஒரு கேமரா வருகிறது. கேமரா என்றால் பொருள் எதுவும் இல்லை. எங்கிருந்து, எந்தத் திசையில், எவ்வளவு அகலமாகப் பார்ப்பது என்ற சில எண்கள்தான். நொடிக்கு 60 படம் வரையும் போன், ஒவ்வொரு படத்துக்கும் அந்த எண்களைப் புதிதாகக் கணக்கிடுகிறது.

இந்தக் கேமராவை பஸ்ஸோடு இறுக்கிக் கட்டிவிட்டால், பஸ் திரையில் ஆணி அடித்த மாதிரி நிற்கும். ஸ்டியரிங்கைத் திருப்பினால் மலைதான் சுழலும். அதனால் கேமராவைக் கொஞ்சம் பின்தங்க விடுகிறார்கள். அது போய்ச் சேரவேண்டிய இடம் 100 செ.மீ. தள்ளி இருக்கிறது என்று வையுங்கள். ஒவ்வொரு படத்திலும் மிச்ச தூரத்தில் பத்தில் ஒரு பங்கைக் கடக்கும். மிச்சம் 90, 81, 73 என்று குறையும். வேகமாகக் கிளம்பி மெதுவாக அடங்குகிற நகர்வு இது. வளைவில் பஸ் முதலில் திரும்புகிறது, அதன் பக்கவாட்டு ஒரு கணம் தெரிகிறது, பிறகுதான் பார்வை வந்து சேர்கிறது. நாம் திரும்பினோம் என்று நம்பவைப்பது அந்த ஒரு கணம்தான். எனக்கு இந்தக் கணக்கில் மிகவும் பிடித்த இடமும் அதுவே.

ஆனால் இங்கேதான் பலர் கோட்டை விடுவார்கள். 60 படம் வரையும்போது ஏழு படத்துக்குள், அதாவது சுமார் 0.12 நொடியில், இடைவெளி பாதியாகிவிடும். போன் சூடேறி 30 படத்துக்கு இறங்கினால் அதற்கே இரண்டு மடங்கு நேரம் பிடிக்கும், கேமரா சோம்பிப்போகும். ஆகவே படங்களை எண்ணாமல், போன படத்திலிருந்து எவ்வளவு நேரம் ஓடியது என்று பார்த்து அந்தப் பங்கை மாற்ற வேண்டும்.

கொண்டை ஊசி வளைவில் இன்னொரு சிக்கல். பின்னால் வரும் கேமரா பாறைக்குள் புகுந்துவிடும். அதற்காக பஸ்ஸிலிருந்து கேமரா வரை கண்ணுக்குத் தெரியாத ஒரு கோடு இழுத்துப் பார்க்கிறார்கள். குறுக்கே பாறை வந்தால் கேமராவைச் சட்டென்று முன்னே இழுத்துவிட்டு, பாறை விலகியதும் மெதுவாகத்தான் விடுவார்கள். இல்லாவிட்டால் ஒவ்வொரு மரத்துக்கும் காட்சி துள்ளும். வேகம் கூடும்போது பார்க்கும் கோணத்தையும் சற்று விரிப்பதுண்டு. ஓரத்து மரங்கள் விர்ரென்று பறக்க, வேகம் இன்னும் கூடியதாகத் தோன்றும்.

சரி, வயிற்றைப் பிரட்டியது ஏன்? உட்காதில் மூன்று அரைவட்டக் குழாய்கள் உண்டு. தலை திரும்பும்போது அவற்றிலுள்ள திரவம் பின்தங்கி, திரும்பியதை மூளைக்குச் சொல்கிறது. பஸ்ஸில் காது ஒரு வளைவைச் சொல்ல, போனைப் பார்க்கும் கண் வேறொரு வளைவைச் சொல்கிறது. வீட்டு சோபாவில் இதுவே தலைகீழ்: கண் திரும்புகிறது என்கிறது, காது அசையவில்லை என்கிறது. கேமரா அதிகமாகக் குலுங்கினால் இந்த முரண் முற்றும்.

ஏற்காடு ஏரிக்கரையில் உட்கார்ந்து, செட்டிங்கில் கேமரா அதிர்வை அணைத்துக் கொடுத்தேன். ஒரு வளைவு ஓட்டிவிட்டு நிமிர்ந்தான். "மாமா, இப்ப பஸ்ஸோட சைடு நல்லாத் தெரியுது."