‘டூப்’ என்றால் யார்? தமிழில் அவரை எப்படிச் சொல்வது?

“அந்தக் காட்சியில் டூப்பே போடவில்லை, எல்லாம் அவரே செய்தது” என்று ஒரு நடிகரைப் புகழ்வது நம் சினிமாப் பேச்சில் சாதாரணம். மாடியிலிருந்து குதிப்பது, குதிரையோடு விழுவது, ஓடுகிற வண்டிக்குத் தாவுவது மாதிரியான வேலைகளை நடிகருக்குப் பதிலாக, அவருடைய உடையில், முகம் கேமராவில் விழாதபடி செய்து கொடுப்பவர்தான் டூப். தெருப்பேச்சில் இதே சொல்லுக்கு வேறு பொருள். “டூப் விடாதே” என்றால் புளுகாதே என்று அர்த்தம்.

ஆங்கிலத்தில் ‘டூப்’ என்றால் ஏமாற்றுவது. ஏமாந்தவரையும் அப்படியே சொல்வார்கள். அங்கே அது பிரெஞ்சிலிருந்து வந்தது. பிரெஞ்சில் 15ஆம் நூற்றாண்டில் திருடர்களின் குழூஉக்குறியாக இருந்த சொல் அது. அதற்கும் பின்னால் ஒரு பறவை இருக்கலாம் என்கிறார்கள் அகராதிக்காரர்கள். நம் வயல்வெளிகளில் தலையில் விசிறிக் கொண்டையோடு மண்ணைக் கொத்திக்கொண்டிருக்குமே, அந்தக் கொண்டலாத்திதான். அலங்காரம் அதிகம், அறிவு கம்மி என்று பாவம் அதற்கு அங்கே ஒரு கெட்ட பெயர்.

‘டூப்ளிகேட்’ வேறு குடும்பம். இரட்டிப்பது என்ற லத்தீன் வேரிலிருந்து வந்தது. இந்திப் படவுலகில் சண்டைக் காட்சிக்கு வரும் மாற்று ஆளை டூப்ளிகேட் என்று சொல்வதுண்டு. நம் ‘டூப்’ அதன் சுருக்கம். ‘டூப் விடுவது’ ஏமாற்றும் டூப்பிலிருந்து வந்தது. அப்படி எடுத்துக்கொள்வதுதான் எனக்குப் பொருத்தமாகப் படுகிறது. ஒலி ஒன்றாகிவிட்டதால் இரண்டும் ஒட்டிக்கொண்டன. டூப்புக்கு அமெரிக்காவில் சொல்லும் ‘டபுள்’ இங்கே நிலைக்காமல் போனதற்கும் காரணம் தெரிகிறது. ‘டபுள் ஆக்ட்’ என்று இரட்டை வேடத்துக்கு அந்தச் சொல்லை நாம் முன்பே கொடுத்துவிட்டோம்.

டபுள் என்ற வேலை எதுவரை நீளும் என்பதற்கு ஹெலன் கிப்சனை விடப் பொருத்தமான ஆள் கிடைப்பது கஷ்டம். அமெரிக்காவின் முதல் தொழில்முறை ஸ்டன்ட் பெண் என்று கருதப்படுபவர். 1892இல் ஓஹையோ மாநிலத்தின் கிளீவ்லாந்தில் பிறந்தபோது அவர் பெயர் ரோஸ் வெங்கர். ஊருக்கு வந்த குதிரைக் காட்சியைப் பார்த்து மயங்கி, பெண் சவாரிக்காரர்கள் தேவை என்ற விளம்பரத்துக்கு எழுதிப்போட்டு, 1910 வாக்கில் ஓக்லஹோமாவின் மில்லர் சகோதரர்கள் நடத்திய ‘101 ராஞ்ச்’ குழுவில் சேர்ந்தார். முழுப் பாய்ச்சலில் ஓடும் குதிரையிலிருந்து சரிந்து தரையில் கிடக்கும் கைக்குட்டையை எடுப்பது அங்கே கற்ற வித்தைகளில் ஒன்று. குதிரை தலையில் உதைத்துவிடும் என்று பழைய ஆட்கள் எச்சரித்தும் அவர் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

1911இல் அந்தக் குழு கலிபோர்னியாவின் வெனிஸ் கடற்கரையில் வேலையின்றி நின்றது. படத் தயாரிப்பாளர் தாமஸ் இன்ஸ், குதிரையும் ஆளுமாக மொத்தக் குழுவையும் எடுத்துக்கொண்டார். ஆரம்பகால வெஸ்டர்ன், அதாவது கௌபாய் படங்களுக்கு நடிப்புப் பள்ளியிலிருந்து யாரும் வரவில்லை, இப்படித்தான் வந்தார்கள். வாரம் 8 டாலர் சம்பளம். தங்கியிருந்த இடத்திலிருந்து மலைப் பள்ளத்தாக்கில் படப்பிடிப்பு நடக்கும் இடத்துக்குத் தினமும் குதிரையிலேயே போக வேண்டும்.

1913இல், முரட்டுக் குதிரை, மாடுகளை அடக்கும் ‘ரோடியோ’ போட்டிகளின் வீரர் ஹூட் கிப்சனை மணந்தார். பிறகு காலெம் என்ற படநிறுவனத்தில் ஹெலன் ஹோம்ஸ் என்ற நாயகிக்கு டபுள் வேலை. ‘தி ஹசார்ட்ஸ் ஆஃப் ஹெலன்’ என்ற ரயில் சாகசத் தொடர் அது. 1914 முதல் 1917 வரை 119 பகுதிகள் வந்தன. 1915இல் ஹோம்ஸ் விலகியதும் டபுளையே நாயகியாக்கினார்கள். தொடரின் பெயரை மாற்ற முடியாதே, அதனால் ஆளின் பெயரை மாற்றினார்கள். ரோஸ், ஹெலன் ஆனார். இன்னொருத்திக்கு டூப்பாக வந்தவர் கடைசியில் அவள் பெயரையும் சேர்த்து வாங்கிக்கொண்ட கதை இது.

அவருடைய பேர்போன தாவல் அந்த வருடத்தில்தான். ரயில் நிலையக் கூரையிலிருந்து ஓடும் ரயிலின் மேல் குதிக்க வேண்டும். கூரைக்கும் பெட்டிக்கும் உள்ள இடைவெளியை அளந்து, ரயிலை நிறுத்தி வைத்து ஒத்திகை பார்த்தார். காட்சியில் ரயில் கால் மைல் தொலைவிலிருந்து வேகமெடுத்து வந்தது. குதித்தது சரியாகத்தான். ஆனால் ரயிலின் ஆட்டத்தில் பெட்டியின் ஓரத்துக்கு உருண்டுபோனார். கையில் அகப்பட்ட காற்றுக்குழாயைப் பிடித்து நிறுத்தினார். அதோடு விட்டாரா? படத்தில் நன்றாக இருக்கும் என்று வேண்டுமென்றே விளிம்புக்கு வெளியே தொங்கிக் காட்டினார். காயம், சில சிராய்ப்புகள் மட்டும்.

அப்புறம் சறுக்கல். 1920இல் சொந்தப் படக் கம்பெனி தொடங்கிக் கையைச் சுட்டுக்கொண்டார். மறு வருடம் குடல்வால் வெடித்து ஆஸ்பத்திரி. 1924இல் ரிங்லிங் சகோதரர்களின் சர்க்கஸில் குதிரை வித்தை. இருபதுகளின் கடைசியில் ஹாலிவுட்டுக்குத் திரும்பியபோது கிடைத்தது மறுபடியும் டபுள் வேலைதான். லூயிஸ் ஃபசெண்டா, மேரி டிரெஸ்லர், மார்ஜரி மெயின், எதெல் பாரிமோர் என்று பலருக்கும் பதிலாக விழுந்து எழுந்தார். இடையிடையே வெஸ்டர்ன்களில் பெயர் போடாத துண்டு வேடங்கள். கடைசி வேலை, ஜான் ஃபோர்டின் 1962 படம் ஒன்றில் குதிரை வண்டி ஓட்டியது. அப்போது அவருக்கு வயது 69. சம்பளம் 35 டாலர். 1977இல் ஓரிகனில் இறந்தார்.

இன்னொன்றையும் சொல்ல வேண்டும். அந்தக் காலத்தில் பல நாயகிகளுக்கு ஆண்களே விக் வைத்துக்கொண்டு குதிப்பார்கள். ஹெலன் மாதிரியானவர்கள் கிடைத்த பின்னும் அந்தப் பழக்கம் லேசில் போகவில்லை.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘போலி’ வேண்டாம், ரயில் மேல் நிஜமாகவே குதித்தவரைப் போலி என்பது அநியாயம். ‘நகல்’ காகிதத்துக்குத்தான். ‘ஆள்மாறாட்டம்’ போலீஸ் கேஸ் வாடை அடிக்கும். ‘மாற்றாள்’ நல்ல தமிழ்தான், ஆனால் பழைய அகராதியைத் திறந்தால் சக்களத்தி என்று வரும். ‘பதிலி’ என்றால் இன்று கணினிக்காரர்கள் ப்ராக்ஸி என்று நினைத்துக்கொள்வார்கள். என் ஓட்டு ‘பதிலாள்’ என்ற சொல்லுக்கு. ஆண், பெண் இருவருக்கும் பொருந்தும், கேட்டவுடன் புரியும். ‘பதில்’ அரபியிலிருந்து உருது வழியாக வந்ததாயிற்றே என்று தூயதமிழ் அன்பர்கள் மறிப்பார்கள். அவர்களுக்கு ‘மாற்று நடிகர்’ இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், அதில் நடிப்பு வந்துவிடுகிறது, குதிப்பது விட்டுப்போகிறது.

துணை நடிகை என்பதோடு இதைக் குழப்ப வேண்டாம். துணை நடிகைக்குத் திரையில் தன் முகம் உண்டு, சின்னதாகவேனும் ஒரு பாத்திரம் உண்டு. பதிலாளுக்கு இரண்டும் கிடையாது. ஹெலன் துணை நடிகையாகவும் பதிலாளாகவும் இருந்தவர்.

எழுத்தில் ‘பதிலாள்’ இன்னொரு சிக்கலையும் தீர்க்கும். ‘அவர் டூப் போட்டார்’ என்றால், தனக்கு ஆள் வைத்துக்கொண்டாரா, இன்னொருவருக்காகத் தானே குதித்தாரா என்று தெரியாது. ‘பதிலாள் வைத்தார்’, ‘பதிலாளாகக் குதித்தார்’ என்று எழுதினால் அடி யாருக்கு விழுந்தது என்பது தெளிவாகிவிடும்.