ஈஸ்டர்: உஷாவுக்குத் தூரத்துச் சொந்தம்

ஈஸ்டர் என்ற சொல் நம் தமிழ் பைபிளில் இல்லை. வேலூர்ப் பக்கம் சி.எஸ்.ஐ. சபைகளில் வாசிக்கிற பழைய மொழிபெயர்ப்பை எடுத்து அப்போஸ்தலர் 12ஆம் அதிகாரம், 4ஆம் வசனத்தைப் பாருங்கள். பேதுருவைச் சிறையில் போட்ட ஏரோது, ‘பஸ்கா பண்டிகைக்குப்பின்பு’ அவரை ஜனங்கள் முன் நிறுத்தலாம் என்று நினைக்கிறான். அதே இடத்தில் 1611இல் வந்த ஆங்கில கிங் ஜேம்ஸ் பைபிள் ‘ஈஸ்டர்’ என்று போட்டுவிட்டது. கிரேக்க மூலத்தில் இருப்பது ‘பாஸ்கா’ என்ற யூதப் பண்டிகையின் பெயர். அந்த வசனத்தைப் பொறுத்தவரை தமிழ்தான் மூலத்தை விடாமல் பிடித்திருக்கிறது.

அப்போ இந்த ஈஸ்டர் யார் வீட்டுப் பிள்ளை? பீட் என்ற ஆங்கிலத் துறவி 725இல் காலக்கணக்கு பற்றி ஒரு நூல் எழுதினார். ஏப்ரலை ஒட்டி வருகிற மாதத்துக்கு அவருடைய முன்னோர் எயோஸ்த்ரெ என்ற பெண் தெய்வத்தின் பெயரை வைத்திருந்தார்கள் என்றும், அந்த மாதத்தில் வந்த கிறிஸ்தவத் திருநாளுக்கும் அந்தப் பெயரே ஒட்டிக்கொண்டது என்றும் அதில் சொல்கிறார். அந்தத் தெய்வத்தைப் பற்றி எழுதிவைத்த பழைய சாட்சி அவர் ஒருவர்தான். தெய்வம் இருந்ததோ இல்லையோ, மாதத்தின் பெயர் விழாவுக்கு வருவதில் நமக்கு என்ன ஆச்சரியம்? ரத்தினகிரியில் ஆடிக்கிருத்திகைக்கு வரிசையில் நின்றவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

வருஷா வருஷம் வாட்ஸ்ஆப்பில் இன்னொரு கதையும் சுற்றும்: ஈஸ்டர் என்பது பாபிலோனியத் தெய்வம் இஷ்தாரின் பெயராம். அது அக்காடிய மொழிப் பெயர். இது ஜெர்மானியக் கிளையில் பிறந்த சொல். ஒலி ஒத்துப்போகிறது, அவ்வளவுதான். ஒலி ஒன்றே போதும் என்றால் ‘இஷ்டம்’ என்பதிலிருந்து வந்தது என்றுகூட நாம் கிளப்பிவிடலாம்.

வேரைத் தோண்டினால் கிடைப்பது விடியல். கிழக்கைக் குறிக்கும் ஆங்கில ‘ஈஸ்ட்’, ஜெர்மன் மொழியில் இந்தத் திருநாளுக்கு வழங்கும் ‘ஓஸ்டர்ன்’, விடியலுக்கான கிரேக்க ‘ஏயோஸ்’, லத்தீன் ‘அவுரோரா’, சமஸ்கிருத ‘உஷஸ்’ எல்லாம் ஒரே குடும்பம். காட்பாடியில் எந்தத் தெருவில் கூப்பிட்டாலும் ஓர் உஷா அக்கா திரும்பிப் பார்ப்பார். அவருக்கு ஈஸ்டர் தூரத்துச் சொந்தம். கல்யாணப் பத்திரிகை வைக்கிற அளவுக்கு நெருக்கம் இல்லை, ஆனாலும் சொந்தம்தான்.

ஐரோப்பாவில் பெரும்பாலோர் ஈஸ்டர் என்று சொல்வதே இல்லை. பிரெஞ்சில் பாக், ஸ்பானிஷில் பாஸ்குவா, இத்தாலியனில் பாஸ்குவா. எல்லாவற்றுக்கும் தாய் எபிரேயத்தின் ‘பெசாக்’, அதாவது கடந்துபோதல். எகிப்தில் இஸ்ரவேலரின் வீடுகளைச் சாவு தொடாமல் கடந்துபோன இரவின் நினைவு. இதற்குக் கிரேக்க வடிவம் ‘பாஸ்கா’. கிரேக்கத்தில் ‘பாஸ்கேன்’ என்றால் பாடுபடுதல், அதாவது துன்பப்படுதல். ஒலி ஒற்றுமையைப் பார்த்து, பாஸ்கா என்றால் பாடுகள் என்றே ஆதித் திருச்சபையில் சிலர் பொருள் சொல்லிவிட்டார்கள். சொல்லாராய்ச்சிப்படி தப்பு. ஆனால் நம் ஊர்க் கத்தோலிக்கர்கள் இயேசுவின் பாடுகளை நடிக்கும் கூத்துக்குப் ‘பாஸ்கா’ என்று பெயர் வைத்திருக்கிறார்களே, அங்கே அந்தத் தப்பும் அழகாகவே பொருந்திவிடுகிறது.

வேலூரில் ஒரே திருநாளுக்கு இரண்டு பேச்சு. 1853இல் ஸ்கடர் சகோதரர்கள் தொடங்கிய ஆற்காடு மிஷன் வழி வந்த சபைகளில் லெந்து நாட்கள், அப்புறம் ஈஸ்டர் ஆராதனை. கத்தோலிக்கர்களுக்குத் தவக்காலம், பாஸ்கா திருவிழிப்பு, உயிர்ப்புப் பெருவிழா. தவக்காலம் முழுக்கப் பாடாமல் வைத்திருந்த அல்லேலூயாவை அந்தத் திருவிழிப்பு இரவில்தான் மறுபடியும் எடுப்பார்கள்.

இந்த ‘உயிர்ப்பு’ நல்ல சொல். உயிர்த்தல் என்றால் முதலில் மூச்சு விடுதல். பழைய பாட்டுகளில் தலைவி நெட்டுயிர்ப்பது பெருமூச்சுதான். உயிர்த்தெழுதல் என்றால் மூச்சு வந்து, பிறகு எழுந்தது. வரிசையும் சரி. அதே ஸ்கடர் குடும்பத்து ஐடா ஸ்கடர் 1900இல் ஒரே கட்டிலோடு ஆரம்பித்த மருத்துவமனையைச் சுற்றி வளர்ந்த ஊர் இது. ‘மூச்சு இருக்கா பாரு’ என்பதுதான் இங்கே முதல் கேள்வி. யோவான் 20இல் உயிர்த்தெழுந்தவர் சீஷர்கள்மேல் ஊதுகிறார். மூச்சு கிடைத்தவர் அதைப் பங்கு போட்டுத் தருகிறார். ‘ஈஸ்டர்’ என்ற சொல்லில் விடியல் மட்டும்தான் இருக்கிறது; இதெல்லாம் இல்லை.

இலங்கைத் தமிழர்கள் இன்னும் எளிமையாக ‘உயிர்த்த ஞாயிறு’ என்கிறார்கள். என் ஓட்டு இதற்குத்தான். உயிர்த்தது ஞாயிறா என்று இலக்கணம் கேட்பவர்களுக்கு ஒரு பதில் கேள்வி: பிறந்த நாள் என்றால் நாளா பிறந்தது? அதோடு ஞாயிறு என்றால் கிழமையும் சூரியனும். ஈஸ்டரின் வேரில் இருக்கிற விடியலும் கேட்காமலே உள்ளே வந்துவிடுகிறது.

தேதி ஏன் மாறுகிறது? 325இல் நிசேயா சங்கம் எல்லோரும் ஒரே ஞாயிற்றில் கொண்டாட வேண்டும் என்று முடிவுசெய்தது. மார்ச் 21 அன்றோ அதற்குப் பிறகோ வரும் முழுநிலவுக்கு அடுத்த ஞாயிறு என்பது நிலைத்த கணக்கு. அதனால் மார்ச் 22 முதல் ஏப்ரல் 25 வரை எந்த ஞாயிறும் வரலாம். வேலூர்க்காரர்களுக்குச் சுலப வழி உண்டு: அந்தச் சமயத்தில் திருவண்ணாமலை கிரிவலத்துக்குச் சிறப்புப் பேருந்து விட்டால், அடுத்த ஞாயிறு பெரும்பாலும் ஈஸ்டர். நிலா ஒன்றுதானே.

முட்டைக்கு வருவோம். ஐரோப்பாவில் நோன்பு நாட்களில் முட்டையும் விலக்கு. கோழிக்கு அது தெரியாது, போட்டுக்கொண்டே இருக்கும். சேர்ந்துபோனதை வேகவைத்து, சாயம் பூசித் திருநாளுக்குக் கொடுத்தார்கள். அங்கே பிள்ளைகள் தோட்டத்தில் முட்டை தேடுவார்கள். இங்கே சீரகச் சம்பா பிரியாணிக்குள் தேடினால் போதும்.

வாழ்த்து சொல்வதில் மட்டும் கொஞ்சம் கவனம் வேண்டும். இறந்த நாளான புனித வெள்ளிக்கு அரசு விடுமுறை உண்டு; உயிர்த்த நாள் எப்படியும் ஞாயிறு என்பதால் தனி விடுமுறைக்கு வேலையில்லை. லீவு கிடைத்த குஷியில் வெள்ளிக்கிழமை காலையிலேயே ‘இனிய புனித வெள்ளி நல்வாழ்த்துகள்’ என்று அனுப்புகிறவர்கள் இருக்கிறார்கள். அது துக்க வீட்டில் போய் வாழ்த்து சொல்வது. இரண்டு நாள் பொறுத்து, ‘உயிர்த்த ஞாயிறு வாழ்த்துகள்’ என்று அனுப்புங்கள்.