சீராய்வு: 'ரிவிஷன்' என்ற சொல்லும் அதன் எல்லையும்

காலி செய்யும் உத்தரவு முதல் விசாரணை, மேல்முறையீடு என்ற இரண்டு படிகளிலும் தமக்கு எதிராக வந்துவிட்ட வாடகைதாரர்கள், 'ஹைகோர்ட்டில் அப்பீல் போட்டுக்கொள்ளலாம்' என்று பேசிக்கொள்வதைச் சென்னைச் சிறு வழக்குகள் நீதிமன்றத்தில் அடிக்கடி கேட்கலாம். ஆனால் உயர் நீதிமன்றத்தில் தாக்கலாவது அப்பீல் அன்று, வழக்கறிஞர்கள் சி.ஆர்.பி. என்று சுருக்கிச் சொல்லும் சிவில் ரிவிஷன் மனுவே ஆகும். இதற்குரிய தமிழ்ச் சொல் உரிமையியல் சீராய்வு மனு.

ரிவிஷன் என்பது 'மீண்டும் பார்த்தல்' என்று பொருள்தரும் இலத்தீன் வேரிலிருந்து வந்தது. அப்பீல் என்பதன் வேருக்கு ஒருவரை விளித்து அழைத்தல் என்று பொருள். முறை என்பதற்கு நீதி என்ற பொருள் தமிழில் பழமையானது. ஆகவே நீதி கேட்டு மேலிடத்தில் நிற்பது மேல்முறையீடு. சீர் என்பதோ ஒழுங்கையும் செம்மையையும் குறிக்கும். 1960 ஆம் ஆண்டின் தமிழ்நாடு கட்டடங்கள் (குத்தகை மற்றும் வாடகைக் கட்டுப்பாடு) சட்டத்தின் 25 ஆவது பிரிவு, கீழ் நடவடிக்கை ஒழுங்காக நடந்ததா, முடிவு சரியானதா, சட்டப்படியானதா, தகுந்ததா என்று பார்க்கும் அதிகாரத்தையே உயர் நீதிமன்றத்துக்கு அளித்தது என்பதால், சீராய்வு என்ற சொல் மூலச் சொல்லைவிடவும் பொருத்தமாக அமைந்திருக்கிறது என்பேன். தீர்ப்பளித்த நீதிமன்றமே தன் தீர்ப்பைத் திரும்பப் பார்ப்பதையும் செய்தித்தாள்கள் 'சீராய்வு மனு' என்றே எழுதிவிடுகின்றன. அதை மறுஆய்வு என்று பிரித்து எழுதுவதே நல்லது.

'சரியானதா' என்ற சொல் சட்டத்திலேயே இருக்கும்போது சாட்சியம் முழுவதையும் மறுபடி எடைபோடலாமே என்ற வாதம் நெடுங்காலம் எழுந்துகொண்டிருந்தது. சீராய்வின் வீச்சு மேல்முறையீட்டைவிடக் குறுகியது என்று 25 ஆவது பிரிவைப் பற்றி உச்ச நீதிமன்றம் 1980 இலேயே கூறியிருந்தது. பின்னர் 2014 இல், தமிழ்நாடு, கேரளம், ஹரியானா ஆகிய மாநிலச் சட்டங்களை ஒருங்கே ஆராய்ந்த ஐந்து நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வு, என்ன நடந்தது என்பது பற்றிக் கீழ் நீதிமன்றங்கள் கண்ட பொருண்மை முடிவு தனக்கு ஒப்பவில்லை என்பதற்காக மட்டும் உயர் நீதிமன்றம் வேறு முடிவுக்கு வர முடியாது என்று தீர்த்து வைத்தது.

திருவல்லிக்கேணியில் ஒரு கடைக்காரர், வேண்டுமென்றே வாடகை பாக்கி வைத்தார் என்ற காரணத்துக்காகக் காலி செய்யும் உத்தரவு பெற்றதாகக் கொள்வோம். தாம் நேரில் கொடுத்த வாடகையை உரிமையாளர் வாங்க மறுத்தார் என்று அவர் சொன்னதை இரு நீதிமன்றங்களும் நம்பவில்லை என்றால், அவரை நம்பியிருக்க வேண்டும் என்ற வாதம் சீராய்வில் எடுபடாது. மாறாக, அவர் அனுப்பிய மணியார்டர் 'பெற மறுத்தார்' என்ற குறிப்போடு திரும்பி வந்து, அது சான்றாவணமாகக் குறியிடப்பட்டும் இரு தீர்ப்புகளும் அதைக் கண்டுகொள்ளவே இல்லை என்றால் நிலைமை வேறு. முக்கியச் சான்றைக் கருதாமலோ, தவறாகப் படித்தோ, சான்றே இல்லாமலோ எட்டிய முடிவில் தலையிடலாம் என்பதையும் அந்த 2014 ஆம் ஆண்டுத் தீர்ப்பே சொல்கிறது.

1960 ஆம் ஆண்டுச் சட்டத்துக்குப் பதிலாக 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறைக்கு வந்த 2017 ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் வாடகை நீதிமன்றம், அதன் மேல் வாடகைத் தீர்ப்பாயம் என்று இரு படிகளை வைத்திருக்கிறது. பழைய 25 ஆவது பிரிவைப் போன்ற ஏற்பாடு அதில் இல்லை. எனவே தீர்ப்பாயத்திலும் தோற்றவர் அரசியல் சாசனத்தின் 227 ஆவது உறுப்பின் கீழ்தான் உயர் நீதிமன்றம் செல்கிறார். அது மேற்பார்வை அதிகாரம். சீராய்வைவிடவும் குறுகியது, தன் அதிகார எல்லையைக் கீழமை அமைப்பு மீறியதா என்பதையே முதன்மையாகப் பார்ப்பது. அந்த மனுவுக்கும் சென்னை உயர் நீதிமன்றத்தில் சி.ஆர்.பி. என்றே எண் இடுவதால், எந்த அதிகாரத்தின் கீழ் வழக்கு நடக்கிறது என்பதை அறிய மனுவின் தலைப்பில் குறிப்பிட்டிருக்கும் பிரிவையோ உறுப்பையோதான் பார்க்க வேண்டும்.