புலனாய்வு நீதிபதி: பிரெஞ்சுச் சட்டத்தின் ‘ஜூஜ் தேன்ஸ்த்ருக்ஸியோன்’

‘ஜூஜ்’ என்றால் நீதிபதி, அதில் குழப்பமில்லை. அடுத்த சொல்தான் இடறும். இன்ஸ்ட்ரக்‌ஷன் என்றதும் நமக்கு அறிவுறுத்தல், கற்பித்தல் என்றே தோன்றுகிறது. ஆனால் மூலமான லத்தீன் வினைக்கு அடுக்குதல், ஆயத்தப்படுத்துதல் என்ற பொருளும் உண்டு. பிரெஞ்சு நீதிமன்றங்களில் தங்கியது அந்தப் பொருள்தான்: ஆதாரம் திரட்டி, வழக்கை நீதிமன்றம் ஏற்கும் நிலைக்குக் கொண்டுவருவது.

நெப்போலியன் காலத்தில், 1808இல் வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டம் இந்தப் பதவியை நிலைநிறுத்தியது. கொலை போன்ற பெருங்குற்றங்களில் இவருடைய புலனாய்வு கட்டாயம். மற்றவற்றில் தேவைப்பட்டால் மட்டும். எந்த வழக்கையும் இவர் தானாகக் கையில் எடுக்க முடியாது. அரசு வழக்கறிஞர் கோர வேண்டும், அல்லது பாதிக்கப்பட்டவர் உரிய முறையில் புகார் தர வேண்டும். அப்புறம் அதிகாரம் பெரிது: சாட்சிகளை அழைக்கலாம், வீடுகளைச் சோதிக்கலாம், போலீஸைத் தம் சார்பில் அனுப்பலாம். குற்றத்தைக் காட்டும் ஆதாரத்தோடு, குற்றமின்மையைக் காட்டும் ஆதாரத்தையும் தேடுவது இவர் கடமை. தீர்ப்பு சொல்வது இவர் வேலையல்ல.

ஒரே ஆள் துப்பறிவாளராகவும் நடுநிலையாளராகவும் இருக்க முடியுமா என்ற சந்தேகம் பழையது. காவலில் வைக்கும் முடிவை 2000ஆம் ஆண்டுச் சட்டம் வேறொரு நீதிபதியிடம் ஒப்படைத்தது. வட பிரான்சின் ஊத்ரோ நகரில் எழுந்த சிறார் பாலியல் கொடுமை வழக்கில் பல ஆண்டுகள் சிறையில் கிடந்தவர்கள் உட்பட 13 பேர் கடைசியில் விடுதலையானபோது நாடே கொதித்தது. 2009இல் அப்போதைய பிரெஞ்சு அதிபர் சார்க்கோசி புலனாய்வு நீதிபதிப் பதவியையே ஒழிக்க முனைந்தார்; நடக்கவில்லை. ஜெர்மனி 1975லேயே ஒழித்துவிட்டது.

சரி, தமிழில் என்ன சொல்வது? ‘விசாரணை நீதிபதி’ என்று எழுதுகிறார்கள். வழக்கை விசாரித்துத் தீர்ப்பளிப்பவரையும் நாம் அப்படித்தான் சொல்கிறோம் என்பதால் அது குழப்பும். ‘நடுவர்’ என்றால் நம்மூர் மாஜிஸ்திரேட் நினைவுக்கு வருவார். புலனாய்வு நீதிபதி என்பதே என் தேர்வு. புலனாய்வு போலீஸ் வேலை என்று பழகிய காதுக்கு இது முரணாகக் கேட்கும்; அந்தப் பதவியே அப்படிப்பட்டதுதான்.

செய்தி எழுதுவோருக்கு இன்னொன்று. இந்த நீதிபதி ஒருவரை ‘மீஸ் ஆன் எக்ஸாமேன்’ நிலையில் வைத்தால், ‘குற்றவாளி என அறிவித்தார்’ என்று எழுதக் கூடாது. முன்பிருந்த சொல்லில் ‘குற்றம்’ என்ற வேர் ஒட்டிக்கொண்டிருந்ததால்தான் 1993இல் அதை மாற்றினார்கள். ‘முறையான புலனாய்வுக்கு உட்படுத்தினார்’ என்பது சரியாக இருக்கும்.