நொய்யல் தெளிந்துவிட்டது, கிணறு?

நொய்யல் ஆற்றங்கரை ஒரத்துப்பாளையம் பக்கமிருந்து ஒரு பெரியவர் பாட்டிலில் கிணற்றுத் தண்ணீர் கொண்டுவந்தார். “கண்ணாடியாட்டம் இருக்குதுங்க தம்பி. ஆனா வெங்காயம் மட்டும் நுனி கருகியே போகுது. உரம் பத்தலையோ?” என்றார். மீட்டரை நீரில் விட்டேன். ஈ.சி. 4.6 காட்டியது. ஈ.சி. என்றால் மின்கடத்துத்திறன், நீரில் கரைந்த உப்பைக் காட்டும் அளவு. 0.7-க்குக் கீழே இருந்தால் எந்தப் பயிருக்கும் பாய்ச்சலாம், 3-ஐத் தாண்டினால் பெரும்பாலான பயிர்கள் அடிவாங்கும். வெங்காயம் அதிலும் ரொம்ப மென்மையான பயிர்.

மண், நீர் பரிசோதனைதான் என் வேலை. நொய்யல் கரையில் நான் திரும்பத் திரும்பப் பார்ப்பது இதைத்தான்: தெளிவான தண்ணீரை நல்ல தண்ணீர் என்று நம்பிவிடுகிறோம்.

இந்த ஆறு வெள்ளியங்கிரி மலையில் பிறந்து கோவை, திருப்பூர், ஈரோடு, கரூர் மாவட்டங்களைக் கடந்து நொய்யல் என்ற ஊரிலேயே காவிரியில் கலக்கிறது. பழைய பெயர் காஞ்சி. சுந்தரர் தேவாரத்தில் பேரூர், ‘காஞ்சிவாய்ப் பேரூர்’ என்றே வருகிறது. மலையில் நல்ல மழை பெய்தாலும் சமவெளி மழைமறைவுப் பகுதி. அதனால் மழைக்காலத்தில் வெள்ளம் வரும், மற்ற மாதங்களில் மணல்தான். முன்னோர் இதைப் புரிந்துவைத்திருந்தார்கள். சித்திரைச்சாவடி போன்ற தடுப்பணைகளில் வெள்ளத்தை மறித்து, வாய்க்கால் வழியே குளங்களில் நிரப்பி, அங்கிருந்து கிணறுகளுக்கு ஊற வைத்தார்கள். கீழே கொடுமணலில் 2,000 ஆண்டுகளுக்கு முன்பே இரும்பு உருக்கி, கல்மணி பட்டை தீட்டி வாழ்ந்த ஊர் ஒன்று இதே கரையில் இருந்தது. பதிற்றுப்பத்து சொல்லும் கொடுமணம் அதுதான் என்கிறார்கள் ஆய்வாளர்கள்.

இப்படி வருடத்தில் பாதி நாள் ஓட்டமில்லாத ஆற்றில்தான் திருப்பூரின் சாயக்கழிவு விடப்பட்டது. பருத்தித் துணியில் சாயம் ஏற வேண்டுமென்றால் தொட்டியில் நிறைய உப்பு போட வேண்டும். சாயத்தில் பெரும்பகுதி துணியில் ஏறிவிடும், உப்பு முழுக்கத் தண்ணீரிலேயே நிற்கும். சாதாரண சுத்திகரிப்பு நிறத்தை எடுக்கும், கரைந்த உப்பை எடுக்காது. பாசனத்துக்காகக் கட்டி 1992-ல் பயன்பாட்டுக்கு வந்த ஒரத்துப்பாளையம் அணையில் இந்தத் தண்ணீர்தான் தேங்கியது. கீழ்ப்பகுதி விவசாயிகள் நீதிமன்றம் போனார்கள். கழிவுநீரே வெளியே வரக்கூடாது என்று 2006-ல் உயர் நீதிமன்றம் உத்தரவிட்டது. அது நடக்காததால் 2011 ஜனவரியில் சாயப்பட்டறைகளை மூடவே சொன்னது. அதன் பிறகு ஆற்றில் நிறம் வெகுவாகக் குறைந்தது, உண்மை. ஆனால் அத்தனை வருடம் ஊறிய உப்பு அவ்வளவு சீக்கிரம் மண்ணைவிட்டும் கிணற்றைவிட்டும் போவதில்லை.

பெரியவருக்கு ஒரு கணக்குப் போட்டுக் காட்டினேன். 4.6 என்றால் லிட்டருக்குக் கிட்டத்தட்ட 3 கிராம் உப்பு. ஒரு ஏக்கரில் ஒரு அங்குலம் நிற்கும்படி பாய்ச்ச சுமார் 1 லட்சம் லிட்டர் வேண்டும். அப்படியானால் ஒவ்வொரு பாய்ச்சலுக்கும் 300 கிலோ, அதாவது 50 கிலோ மூட்டை ஆறு, வயலில் இறங்குகிறது. வெயிலில் தண்ணீர் ஆவியாகிவிடும், உப்பு தங்கிவிடும். இதில் சோடியம் அதிகமிருந்தால் களிமண் குழைந்து, மேலே ஓடு கட்டி, மழைத் தண்ணீர்கூட உள்ளே இறங்காது. அவர் கொஞ்ச நேரம் பாட்டிலையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கரையோரத்தில் விவசாயம் செய்பவர்கள் வருடத்துக்கு இரண்டு தடவை, கோடையில் ஒருமுறை, மழை முடிந்து ஒருமுறை, கிணற்று நீரைச் சோதித்துவிடுங்கள். மோட்டாரைப் போட்டு 15 நிமிடம் ஓடவிட்டு, அதே தண்ணீரில் பாட்டிலை மூன்று முறை அலசி, விளிம்புவரை நிரப்பி மூடுங்கள். போர்வெல்லும் கிணறும் இருந்தால் தனித்தனியாக எடுங்கள், இரண்டும் ஒன்றாக இருக்காது. சோடியமும் பார்க்கச் சொல்லுங்கள், ஈ.சி. மட்டும் போதாது. மண்ணிலிருந்து சோடியத்தை விலக்கும் ஜிப்சத்தைப் போடும்படி பக்கத்துக் காட்டுக்காரர் சொன்னார் என்று உடனே வாங்கிவிடாதீர்கள். மண்ணில் சோடியம் இருந்தால்தான் அது வேலை செய்யும், அதுவும் கழுவி இறக்க நல்ல தண்ணீரோ மழையோ வேண்டும், வடிகாலும் வேண்டும்.

அந்தப் பெரியவர் அடுத்த போகத்தில் வெங்காயத்தை விட்டுவிட்டார். ஆவணி மழைக்கு முன்பே வயலைச் சுற்றி வரப்பை உயர்த்தி, விழும் மழையை வயலிலேயே நிறுத்தினார். மழை முடிந்ததும் அதே பாட்டிலோடு வந்தார். மீட்டர் 3.9 காட்டியது.